கனவுப்பொறி வேலை செய்யவில்லையா? அறிகுறி வாரியாகப் பிழை நீக்கும் வழிமுறை

1958ஆம் ஆண்டு டிசம்பர் 21 அன்று ஓவியர் பிரயன் கைசின் பிரான்சில் மார்செய் நகரை நோக்கிப் பேருந்தில் போய்க்கொண்டிருந்தார். சாலையோர மரவரிசையின் ஊடாக அந்திவெயில் விட்டுவிட்டு அடிக்க, கண்களை மூடியிருந்த அவருக்குள் வண்ணக் காட்சிகள் பெருக்கெடுத்தன. மரவரிசை முடிந்ததும் அவையும் நின்றுபோயின. கேம்பிரிட்ஜில் கணிதம் படித்துக்கொண்டிருந்த அவருடைய நண்பர் இயன் சாமர்வில், துளையிட்ட அட்டை உருளை ஒன்றை நிமிடத்துக்கு 78 சுற்று சுற்றும் ரெக்கார்டு பிளேயரின் மேல் நிறுத்தி, அதன் நடுவே ஒரு பல்பைத் தொங்கவிட்டு, அந்த அனுபவத்தை வீட்டிலேயே வரவழைக்கும் கருவியைச் செய்தார். 1961 ஜூலை 18 அன்று பிரான்சில் கைசின் பெயரில் அதற்குக் காப்புரிமை பதிவாயிற்று. ‘ட்ரீமெஷின்’ என்று அவர்கள் அழைத்த அந்தக் கருவியைத்தான் இங்கே கனவுப்பொறி என்கிறேன்.

உணர்வை உடலிலிருந்து பிரித்து வேற்றுலகங்களுக்கு அனுப்பும் கருவி என்று இதைப் புகழ்வோர் பலர் உண்டு. அந்தப் புகழுரையால் எனக்கு ஒரு வருத்தம் உண்டு. அதை நம்பிக் கருவியைச் செய்கிறவர், எதுவும் தெரியாதபோது தன் மனம் இன்னும் பக்குவப்படவில்லை என்று தன்னையே நொந்துகொள்கிறார். எனக்குத் தெரிந்த ஒருவர் மூன்று வாரம் அப்படி நொந்துகொண்டார். போய்ப் பார்த்தபோது, 78 சுற்றுக்கென வரையப்பட்ட எட்டுத் துளை உருளை 45 சுற்றில் ஓடிக்கொண்டிருந்தது. அவர் மனத்தில் எந்தக் குறையும் இல்லை. நொடிக்குப் பத்து முறை விழ வேண்டிய ஒளி ஆறு முறைதான் விழுந்தது. எனவே இந்த வழிமுறை முழுவதற்கும் ஒரே விதிதான்: எதுவும் தெரியாதபோது முதலில் கருவியை அளந்து பாருங்கள், உடலில் ஏதேனும் மாறுதல் தெரிந்தால் அளப்பதை விட்டுவிட்டுக் கருவியை நிறுத்துங்கள்.

உடனே நிறுத்த வேண்டிய அறிகுறிகள்

கை கால் அல்லது முகத் தசை தானாகத் துடிப்பது, குமட்டல், தலைசுற்றல், பேச்சுக் குழறல், சில நொடிகள் காணாமற்போனது போன்ற மறதி, சொல்லத் தெரியாத அச்சம் ஆகியவற்றில் எது வந்தாலும் அன்றைய அமர்வு அத்துடன் முடிந்தது. இவை அனுபவம் ஆழமாவதன் அடையாளங்கள் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். துடிக்கும் ஒளியால் வலிப்பு தூண்டப்படும் நிலைக்கு ஒளியுணர் வலிப்பு என்று பெயர். வலிப்பு நோய் உள்ளவர்களில் நூற்றில் சுமார் மூன்று பேருக்கு அது இருக்கிறது. தனக்கு அது இருப்பதே தெரியாமல், முதல் வலிப்பு வந்த பிறகு மட்டுமே அறிந்துகொள்கிறவர்களும் உண்டு. ஜப்பானில் 1997 டிசம்பர் 16 அன்று தொலைக்காட்சியில் ஒரு கார்ட்டூன் அத்தியாயம் ஒளிபரப்பானபோது, சிவப்பும் நீலமும் நொடிக்குச் சுமார் 12 முறை மாறிமாறி மின்னிய சில நொடிக் காட்சியைப் பார்த்து 685 பேர் மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லப்பட்டார்கள். அவர்களில் பெரும்பாலோர் சிறுவர் சிறுமியர். கனவுப்பொறி ஓடுவதும் ஏறத்தாழ அதே வேகத்தில்தான் என்பதை நினைவில் வையுங்கள்.

அதனால் வலிப்பு வந்தவர்கள், குடும்பத்தில் யாருக்காவது வலிப்பு உள்ளவர்கள், கடுமையான ஒற்றைத் தலைவலி உள்ளவர்கள், சிறுவர்கள், பதின்வயதினர் ஆகியோரை இதன் முன் உட்கார வைக்கவே கூடாது. தூக்கம் கெட்ட நாளிலும் மது அருந்திய நாளிலும் மற்றவர்களும் தவிர்க்க வேண்டும். தனியாக உட்காராதீர்கள், கூட இருப்பவர் கண்களைத் திறந்தபடி, சுவிட்சைக் கையெட்டும் தூரத்தில் வைத்திருக்கட்டும்.

இசகுபிசகாக ஏதோ நடக்கிறது என்று தோன்றும் கணத்தில் கண்களை இறுக மூடிக்கொள்வதால் பயனில்லை. கண்கள் ஏற்கெனவே மூடித்தான் இருக்கின்றன. இமைத் தசை ஒளியைச் சிவப்பாக்கி விழித்திரை முழுவதும் பரப்புவதால் பாதிப்பு கூடவும் செய்யும். ஒரு கண்ணை உள்ளங்கையால் முழுவதும் பொத்திக்கொண்டு முகத்தைத் திருப்ப வேண்டும். வலிப்பே வந்துவிட்டால், அவரை ஒருக்களித்துப் படுக்க வைத்து, தலைக்குக் கீழே துணி வைத்து, நேரத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். வாயில் எதையும் வைக்காதீர்கள். நம் ஊர்களில் செய்வதுபோல் சாவியையோ இரும்பையோ கையில் திணிப்பதால் வலிப்பு நிற்காது. ஐந்து நிமிடத்துக்கு மேல் நீடித்தாலும், இதுவே முதல் வலிப்பு என்றாலும், ஆம்புலன்ஸை அழைக்கத் தயங்க வேண்டாம்.

அறிகுறி: செந்நிற ஒளி மட்டுமே தெரிகிறது, வடிவம் எதுவும் தோன்றவில்லை

அதிகம் கேட்கப்படும் குறை இதுதான், பெரும்பாலும் வேகத்தில்தான் பிழை இருக்கும். உருளையின் ஒரு துளையோரம் வெள்ளைத் தாள் துண்டு ஒன்றை ஒட்டி, அது அரை நிமிடத்தில் எத்தனை முறை உங்களைக் கடக்கிறது என்று எண்ணுங்கள். 78 சுற்று என்றால் 39 முறையும், 45 சுற்று என்றால் இருபத்திரண்டரை முறையும் கடக்க வேண்டும். நிமிடச் சுற்றை 60ஆல் வகுத்து, ஒரு வரிசையில் உள்ள துளைகளின் எண்ணிக்கையால் பெருக்கினால் நொடிக்கு எத்தனை ஒளித்துடிப்பு என்பது கிடைக்கும். 78 சுற்றில் எட்டுத் துளை 10.4 துடிப்பையும், பத்துத் துளை 13 துடிப்பையும் தரும். இன்று கிடைக்கும் ரெக்கார்டு பிளேயர்கள் பலவற்றில் 78 இல்லை. அப்படியானால் 45 சுற்றுக்கு 12 துளை (9 துடிப்பு) அல்லது 14 துளை (10.5 துடிப்பு) வெட்டுங்கள், 33⅓ சுற்று மட்டுமே இருந்தால் 18 துளைக்கு நொடிக்குப் பத்து வரும். வேண்டிய எல்லை 8 முதல் 13 வரை. ஜெர்மானிய மருத்துவர் ஹன்ஸ் பெர்கர் 1929இல் வெளியிட்ட மூளையின் மின் அலைப் பதிவுகளில், கண்மூடி அமைதியாக இருப்பவரிடம் கண்ட ஆல்பா அலையும் இதே எல்லையில்தான் ஓடுகிறது.

இன்னும் நுணுக்கமாக அளக்க விரும்புகிறவர்கள் வட்டத் தட்டில் சம இடைவெளியில் கோடுகள் வரைந்து, 50 ஹெர்ட்ஸ் மின்சாரத்தில் எரியும், துடிப்புத் தெரியும் விளக்கின் அடியில் சுழலவிடலாம். 77 கோடுகள் அசையாமல் நிற்பதுபோல் தோன்றினால் வேகம் 78 சுற்று. 133 கோடுகள் நின்றால் 45. இந்தியா, இலங்கை, மலேசியா, சிங்கப்பூர் ஆகிய நாடுகளில் இது அப்படியே பொருந்தும். 60 ஹெர்ட்ஸ் மின்சாரம் உள்ள வட அமெரிக்காவில் கோடுகளின் எண்ணிக்கை வேறு.

ரெக்கார்டு பிளேயர் கிடைக்கவில்லை என்று மேசை மின்விசிறியின் மோட்டாரைப் பயன்படுத்த நினைப்பவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. நிமிடத்துக்கு 1200 சுற்று சுற்றும் மோட்டாரில் ஒரே ஒரு துளை இருந்தால்கூட நொடிக்கு 20 துடிப்பு வந்துவிடும். ஒளியுணர் வலிப்பைத் தூண்டுவதில் மிகக் கொடியது நொடிக்கு 15 முதல் 25 வரையிலான எல்லை. அந்த மோட்டாரைக் கையால் கூடத் தொடாதீர்கள்.

வேகம் சரியாக இருந்தும் வடிவம் வரவில்லை என்றால் அடுத்துப் பார்க்க வேண்டியது பல்பு. மூடிய இமை ஒளியில் மிகச் சிறு பங்கையே உள்ளே விடுகிறது, அதுவும் பெரும்பாலும் சிவப்பு. பழைய குண்டு பல்பின் ஒளியில் சிவப்பு நிறைந்திருக்கிறது. ஆஸ்பத்திரி வெளிச்சம் போன்ற வெண்ணீல எல்.இ.டி. பல்பில் அது குறைவு. கண் திறந்து பார்க்கும்போது இரண்டும் ஒரே அளவு பிரகாசமாகத் தோன்றினாலும், இமைக்குப் பின்னால் எல்.இ.டி. மங்கிவிடும். குண்டு பல்பு கிடைக்காவிட்டால், மஞ்சள் நிறமுள்ள எல்.இ.டி. பல்பை வாங்கி, அறையின் மற்ற விளக்குகளை அணைத்துவிடுங்கள்.

மூன்றாவது காரணம் தூரம். பால்வண்ணக் கண்ணாடியுள்ள பெரிய பல்பின் ஒளி ஒரு புள்ளியிலிருந்து வருவதில்லை என்பதால், துளையின் நிழல்விளிம்பு உருளையிலிருந்து விலகவிலகக் கலங்குகிறது. ஒளிக்கும் இருளுக்கும் இடையிலான வேற்றுமை குறைந்து, துடிப்பு வெறும் அலையாக மென்மைப்பட்டுவிடுகிறது. இழை வெளியே தெரியும் தெளிந்த பல்பாக மாற்றி, முகத்தை உருளையிலிருந்து அரைச் சாண் முதல் ஒரு சாண் தூரத்துக்குள் வைத்துக்கொண்டால் பெரும்பாலும் இந்தக் குறை தீர்ந்துவிடும்.

அறிகுறி: வடிவம் தோன்றுகிறது, ஆனால் சீரான இடைவெளியில் இடறுகிறது

78 சுற்றில் ஓடும் உருளையில், நொடிக்கு ஒன்றுக்குச் சற்று மேலாக ஓர் இடறல் தெரிந்தால், ஒரு சுற்றுக்கு ஒருமுறை ஏதோ தவறுகிறது என்று பொருள். நான் செய்த முதல் உருளையிலும் இதே குறைதான் இருந்தது. இரண்டு இரவு பல்பையும் மோட்டாரையும் சந்தேகித்த பிறகுதான் அட்டையின் ஒட்டைப் பார்த்தேன். அட்டையை உருளையாக வளைத்து ஒட்டும்போது ஒரு முனை மற்றொன்றின் மேல் ஏறும் அல்லவா? அந்த ஏற்றத்துக்கான அகலத்தைத் தனியாக விட்டுவிட்டு மீதியை மட்டுமே துளைகளுக்குப் பங்கிட வேண்டும். நான் முழு அட்டையையும் எட்டாகப் பங்கிட்டிருந்தேன். அதனால் ஏழு இடைவெளிகள் சமமாகவும், ஒட்டுள்ள எட்டாவது இடைவெளி இரண்டு சென்டிமீட்டர் குறைவாகவும் இருந்தன. தட்டின் விட்டம் 30 சென்டிமீட்டர் என்றால் சுற்றளவு 94 சென்டிமீட்டர். எட்டுத் துளைக்கு ஒவ்வோர் இடைவெளியும் 11.8 சென்டிமீட்டர் வர வேண்டும். ஒட்டுக்கான இரண்டு சென்டிமீட்டரை அதற்கு மேல் கூட்டி, 96 சென்டிமீட்டர் நீளத்துக்கு அட்டையை வெட்டுங்கள். உருளையை முதலில் குண்டூசி குத்தித் தற்காலிகமாக நிறுத்தி, எல்லா இடைவெளிகளையும் நூலால் அளந்த பிறகே பசை தடவுங்கள்.

ஒட்டு சரியாக இருந்தும் இடறினால் உருளை தட்டின் நடுவில் நிற்கவில்லை. மேலிருந்து பார்க்கும்போது பல்பும் சுழலும் அச்சும் ஒரே கோட்டில் இருக்க வேண்டும். பல்பு விலகியிருந்தால் ஒரு பக்கம் உட்கார்ந்தவருக்கு ஒளி கூடியும் எதிர்ப்பக்கம் உட்கார்ந்தவருக்குக் குறைந்தும் இருக்கும். ஆனால் இடறல் வராது. இடறலும் வந்தால் உருளையே அச்சை விட்டு விலகியிருக்கிறது. இப்படி இரண்டையும் பிரித்தறியலாம்.

இடைவெளி சீராக இல்லாமல் ஒளி மெல்ல ஏறி இறங்குவதுபோல் இருந்தால் பல்பைச் சந்தேகியுங்கள். மலிவான எல்.இ.டி. பல்புகள் 50 ஹெர்ட்ஸ் மின்சாரத்தில் நொடிக்கு 100 முறை தாமாகவே துடிக்கின்றன. அந்தத் துடிப்பும் துளையின் துடிப்பும் ஒன்றோடொன்று பின்னி மூன்றாவது ஓர் அலையை உண்டாக்கும். அந்த வெளிச்சத்தில் ஒரு பென்சிலை வேகமாக ஆட்டிப் பாருங்கள். பென்சில் ஒரே மங்கலாகத் தெரிந்தால் பல்பு நல்லது. விசிறிமடிப்புபோல் தனித்தனிப் பென்சில்களாகத் தெரிந்தால் மாற்றிவிடுங்கள். ரப்பர் பெல்ட்டு தளர்ந்த பழைய பிளேயர்களிலும் வேகம் அலையும். பெல்ட்டை மாற்றினால் போதும்.

உருளை இல்லாமல் கைப்பேசிச் செயலியைப் பயன்படுத்துகிறவர்களுக்கும் இடறல் வரும், ஆனால் காரணம் வேறு. நொடிக்கு 60 முறை புதுப்பிக்கப்படும் திரை 10 அல்லது 12 துடிப்பைத் துல்லியமாகக் காட்ட முடியும், ஏனெனில் 60 அவற்றால் மீதியின்றி வகுபடும். 11 கேட்டால் சில துடிப்புகள் நீளமாகவும் சில குறுகியும் வரும். அதைத் திருத்த வழியில்லை, 10க்கு மாற்றிக்கொள்ளுங்கள்.

அறிகுறி: கோடுகளும் வலைகளும் மட்டுமே வருகின்றன, உலகம் எதுவும் வரவில்லை

இங்கே கருவியில் பிழை இல்லை. எதிர்பார்ப்பில்தான் பிழை, அதைத் திருத்துவது எனக்கு மற்ற எல்லாவற்றையும்விட முக்கியமாகப்படுகிறது.

செக் அறிஞர் யான் புர்கின்யே 1819இலேயே, வெயிலைப் பார்த்துக் கண்களை மூடிக்கொண்டு விரித்த விரல்களை முகத்தின் முன் ஆட்டினால் சதுரங்களும் நட்சத்திரங்களும் தோன்றுவதை எழுதிவைத்தார். கனவுப்பொறி செய்வதும் அதையே. விரல்களின் இடத்தில் அட்டை இருக்கிறது. 1920களில் உளவியலாளர் ஹைன்ரிக் க்ளூவர், மாயக்காட்சிகளை வரவழைக்கும் மெஸ்கலின் என்ற மருந்தை உட்கொண்டவர்களின் விவரணைகளை ஆராய்ந்து, அவர்கள் கண்ட வடிவங்கள் வலை அல்லது தேன்கூடு, சிலந்திவலை, சுரங்கம் அல்லது புனல், சுழி என்ற நான்கு குடும்பங்களுக்குள் அடங்கிவிடுகின்றன என்றார். துடிக்கும் ஒளியிலும் அதே வடிவங்களே வருகின்றன. தூண்டியது மருந்தானாலும் வெளிச்சமானாலும் ஒரே வடிவங்கள் வருவதால், அவை வெளியிலிருந்து வருபவை அல்ல என்பது புரியும்.

1979இல் கணிதவியலாளர்கள் பார்ட் எர்மன்ட்ரவுட்டும் ஜாக் கவானும் இதற்கு விளக்கம் தந்தார்கள். விழித்திரையில் விழும் படம் மூளையின் பார்வைப் புறணியில், அதாவது பார்வையைக் கையாளும் மேலடுக்கில், அப்படியே பதிவதில்லை. நடுப்பகுதி பெரிதாகவும் ஓரம் சிறிதாகவும் நீட்டி விரிக்கப்படுகிறது. புறணியில் நரம்பணுக்களின் கிளர்ச்சி நேர்கோட்டு வரிகளாக ஒழுங்குபட்டால், அந்த விரிப்பைத் திருப்பி வாசிக்கும் நமக்கு அவ்வரிகள் ஒரு திசையில் இருந்தால் சுரங்க வளையங்களாகவும், அதற்குச் செங்குத்தாக இருந்தால் நடுவிலிருந்து விரியும் கதிர்களாகவும், சாய்வாக இருந்தால் சுழிகளாகவும் தோன்றும். அதாவது நீங்கள் காணும் சுரங்கம் எங்கோ போகும் வழியன்று. உங்கள் பார்வைப் புறணியின் அமைப்பே உங்களுக்குத் தெரிகிறது. என் மதிப்பில் இது எந்த வேற்றுலகத்தையும்விட வியப்புக்குரியது. தன் மூளையின் வரைபடத்தை ஒரு குண்டு பல்பும் அட்டையும் கொண்டு ஒருவர் உள்ளிருந்தே பார்க்க முடிகிறது.

சிலருக்கு வடிவங்களைத் தாண்டி முகங்களும் நிலக்காட்சிகளும் வருவது உண்மை. இங்கிலாந்தின் பிரிஸ்டல் நகரில் மூளை ஆய்வாளர் டபிள்யூ. கிரே வால்டர் மின்னொளித் துடிப்பை வைத்துச் சோதித்தபோது அப்படிச் சொன்னவர்கள் இருந்தார்கள். அவை வரவில்லை என்பதற்காகப் பல்பின் வாட்டைக் கூட்டுவதோ, அமர்வின் நேரத்தை நீட்டுவதோ, வேகத்தை 15க்கு மேல் ஏற்றுவதோ வேண்டாம். ஒரே உருளையில் மேல் வரிசைக்கு எட்டும் கீழ் வரிசைக்குப் பத்தும் துளைகள் வெட்டி, முகத்தை மெல்ல மேலும் கீழும் நகர்த்திப் பாருங்கள். 10.4இலிருந்து 13க்கு மாறும்போது வடிவமும் நிறமும் மாறுவது தெரியும். எனக்குப் பத்தை ஒட்டிய வேகத்தில் வலைகள் அடர்த்தியாகவும் நிலையாகவும் வருகின்றன. மற்றவர்களுக்கு வேறாக இருக்கலாம்.

அறிகுறி: கண்ணீர், தலைவலி, உறக்கம்

கண்ணீரும் நெற்றிப் பாரமும் இமைகளை இறுக்கி மூடுவதால் வருபவை. தூங்கும்போது மூடுவதுபோல் தளர்வாக மூடுங்கள். தளர்த்திய பிறகும் தலைவலி நீடித்தால் அன்றைக்குப் போதும். முதல் முறை ஐந்து நிமிடத்துக்கு மேல் உட்கார வேண்டியதில்லை. உறக்கம் வருவது குறையில்லை, ஆனால் தலை முன்னே சாய்ந்து சுழலும் உருளையில் இடிக்கும் என்பதால் கூட இருப்பவர் எழுப்பிவிட வேண்டும்.

எழுந்த பிறகும் சில நிமிடம் வெள்ளைச் சுவரில் புள்ளிகள் தெரிவது இயல்பு. மறுநாளும் வடிவங்கள் தொடர்ந்தால் கருவியை ஒதுக்கிவிட்டு நரம்பியல் மருத்துவரிடம் காட்டுங்கள். என்ன செய்துகொண்டிருந்தீர்கள் என்பதை மறைக்காமல் சொல்லுங்கள்.

அறிகுறி: அட்டை கருகும் வாடை

பல்புக்கும் அட்டைக்கும் இடையில் எல்லாப் பக்கமும் குறைந்தது 10 சென்டிமீட்டர் இடைவெளி இருக்க வேண்டும், உருளையின் மேல்வாய் திறந்தே இருக்க வேண்டும். அழகுக்காக மூடி போட்டவர்களின் உருளையில்தான் இந்த வாடை வரும். ஹோல்டரின் ஒயர் உருளையின் விளிம்பில் உரசாதபடி மேலே கொக்கியில் கட்டுங்கள். ஆளில்லாத அறையில் ஓடவிடாதீர்கள்.

அறிகுறி: எல்லாருக்கும் தெரிகிறது, ஒருவருக்கு மட்டும் தெரியவில்லை

வேகம், பல்பு, தூரம், ஒட்டு நான்கும் சரியாக இருந்து, அதே நாற்காலியில் உட்கார்ந்த மற்றவருக்கு வடிவங்கள் தெரிந்து, இவருக்கு மட்டும் செந்நிற ஒளிதான் என்றால், வேகத்தை 9இலும் 12இலும் ஒவ்வொரு முறை வைத்துப் பாருங்கள். அப்போதும் வராவிட்டால் இவருடைய மூளை இந்த ஒளிக்கு அவ்வளவாக அசைந்துகொடுக்கவில்லை, அவ்வளவுதான். அவரை மேலும் உட்காரச் சொல்லி வற்புறுத்தாமல் எழுப்பிவிடுங்கள். சுவிட்சின் அருகே கண்களைத் திறந்தபடி இருக்க வேண்டியவரின் இடத்துக்கு அவரைவிடப் பொருத்தமானவர் வேறு யாரும் இல்லை.